ஒரு ஸ்டாப்பிங் முன்னாடியே

எண்ணூர் போகிற பஸ்ஸில் எனக்கு முன் சீட்டில் இரண்டு பெண்கள். ஜன்னலோரம் இருந்த மூத்தவர் திடீரென்று எழுந்துகொண்டார்.

“நம்ம ஸ்டாப்பிங் வாணாம்டி. இங்கியே எறங்கி நடந்துக்கலாம்.”

“இந்த வெயில்லயா? ஏங்க்கா?”

“அங்க ஸ்டெல்லா வூட்டு வாசல்ல இல்ல நிக்கிது பஸ்ஸு.”

“நின்னா இன்னா? கண்டெய்னர் லாரிகாரன் அவள இடிச்சதுக்கு நீ இன்னா பண்ணுவே?”

“ரோட்ட அகலம் பண்ணுன்னு மறியலுக்கு ஆள் சேத்தது யாரு? தொறப்பு விழால பூசணிக்கா ஒடச்சது யாரு? குறுகலா இருக்கசொல்லோ, எதிர் வண்டி மேல ஒரசிடுமோன்னு பயந்து லாரிகாரன் ஊர்ந்துகினு போனான். நாமளும் பொறுமையா கிராஸ் பண்ணோம். இப்ப தாராளமா எடம் கீது, எவனும் பிரேக்கத் தொடறதில்ல.”

“அதுக்கு அவ உன்னத் திட்னாளா?”

“திட்னா தேவலையே. கட்டு போட்ட கால நீட்டிகினு வாசல்லயே குந்தினு கீறா. என்னப் பாத்தா சிரிக்கிறா. ‘உன்னாலதான்க்கா ஆம்புலன்ஸு சீக்கிரம் வந்துச்சு’ன்றா.”

பஸ் நின்றது. இளையவர் கூடையைத் தூக்கிக்கொண்டு அவர் பின்னால் இறங்கினார்.