உறைப்பில்லாத காளான்

காளான் கறிக்கு நான் ஒருநாளும் தேங்காய்ப்பாலைக் குறைத்து ஊற்றியதில்லை. கல்முனைக்குடியில் எங்கள் ஒழுங்கையில் யாரைக் கேட்டாலும் றம்லாவின் கைப்பக்குவம் நல்லதென்றுதான் சொல்வார்கள். நீங்கள் கேட்டபடியால் சொல்கிறேன். ஒளிக்க என்னிடம் ஒன்றும் இல்லை.

உம்மாவும் வாப்பாவும் மௌத்தான பிறகு தங்கச்சி உம்முவை வளர்த்தது நான். அதற்காகவே நான் கலியாணம் முடிக்கவில்லை. அவளுக்கு மீராசாவை மாப்பிள்ளையாக எடுத்ததும் நான்தான். விறகு வண்டிக்காரன். எங்கள் வழக்கப்படி பெண் வீட்டுக்கே குடிவந்தான். எழுபத்தெட்டுச் சூறாவளி கூரையைப் பிடுங்கிக்கொண்டு போனபோது மூன்றே நாளில் கிடுகு வேய்ந்து தந்தான். உம்முவை ஒரு அடி அடித்ததில்லை. என்னை மரியாதையாக 'மச்சி' என்றுதான் கூப்பிடுவான். அவன் கெட்டவனென்று நான் சொல்லவரவில்லை.

மாரி தொடங்கினால் காட்டிலிருந்து பனையோலை உமல் நிறையக் காளான் கொண்டுவருவான். வெள்ளையாய், தடிப்பாய் இருக்கும். முறித்தால் பால் வடியும். அந்தப் பால் நாக்கில் பட்டால் மிளகைக் கடித்ததுபோல் உறைக்கும். உறைத்தால்தான் அது நல்ல காளான். அதற்காக ஒவ்வொன்றாக முறித்து, நாக்கை நீட்டித் தொட்டுப்பார்த்து, சுவரோரம் துப்பிவிட்டு, அந்த எச்சில் துண்டைத் திரும்பவும் உமலுக்குள் போடுவான். அதை நான் கழுவ வேண்டும். இரண்டு தரம் அவித்துத் தண்ணீரைக் கொட்டிவிட்டுக் கறியாக்க வேண்டும். எத்தனை தரம் கழுவினாலும் என் விரல்களில் அவனுடைய துப்பல் வழுவழுத்துக்கொண்டே இருக்கும்.

தின்னும்போது உறைப்பில் அவனுக்கு மூக்கு வடியும். கையால் வழித்துவிட்டு அதே கையால் சோற்றைப் பிசைவான். காளான் துண்டு உதட்டிலிருந்து வழுக்கிப் பீங்கானில் விழும், எடுத்து உறிஞ்சுவான். மீதியை உம்முவின் பக்கம் தள்ளுவான். அவள் சிரித்துக்கொண்டு அந்த எச்சிற் பீங்கானிலேயே தின்பாள். நான் வளர்த்த பிள்ளை. ஒரு வருஷத்துக்குள் அவளும் அவனைப்போலச் சத்தமாய் விரல் நக்கப் பழகிவிட்டாள்.

எண்பதாம் ஆண்டு மாரியில் ஒருநாள் கதிர்காமத்தம்பி அண்ணன் வந்தார். நற்பிட்டிமுனையில் வயல் செய்கிறவர். மீராசாவுக்குக் காளான் பார்க்கக் காட்டிக்கொடுத்தவரும் அவர்தான். மீராசா இன்னும் தொட்டுப்பார்க்காத உமலைக் கிளறி ஒன்றை வெளியே எடுத்தார்.

"தங்கச்சி, இஞ்ச பாருங்க. இது பால் வடியாது, நாக்குல உறைக்காது. இதத் திண்டா முதல்ல ஒண்டுமே தெரியாது. பிறகுதான் ஈரலத் திங்கும். அண்டைக்கே ஆசுபத்திரிக்குப் போகாட்டி ஆள் தப்பாது."

"ருசி எப்பிடி, அண்ணன்?"

"திண்டவன் வந்து சொன்னாத்தானே," என்று சிரித்தார். "புதைச்சிருங்க."

புதைத்தேன். அடுத்த கிழமை எங்கள் வளவின் பின்னால், சூறாவளியில் சரிந்து உக்கிப்போன மரத்தடியில், அதே இனம் முளைத்திருந்தது. மூன்று நாள் பார்த்துக்கொண்டிருந்தேன். அவசரப்படவில்லை.

வியாழக்கிழமை மீராசா கொண்டுவந்ததைக் குப்பையில் கொட்டிவிட்டு, நான் பிடுங்கியதை ஆக்கினேன். அதில் உறைப்பு இல்லையே. ஆகவே மிளகை அரைத்து, வழமையைவிட இரண்டு மடங்கு போட்டேன். எனக்கு நோன்பென்று சொன்னேன். பொய் சொல்லக்கூடாதென்று, அன்று உண்மையிலேயே நோன்பும் பிடித்தேன்.

"மச்சி, இண்டைக்குத்தான் கறி கறியா இரிக்கி," என்றான் மீராசா. அவனுக்கு மூக்கு வடிந்தது. மீதியை உம்முவின் பக்கம் தள்ளினான்.

அவளுடைய கை பீங்கானுக்குள் போவதைப் பார்த்தேன். மண் கிடக்கிறதென்றோ, மயிர் கிடக்கிறதென்றோ சொல்லித் தட்டிவிட்டிருக்கலாம். அவள் உறிஞ்சிய சத்தம் அவனுடைய சத்தமாகவே இருந்தது. நான் எழும்பிப் போய் லுஹர் தொழுதேன்.

பின்னேரம் அஸர் தொழுகைக்குப் பிறகு உம்மு ஒரு கிண்ணத்தை மூடிக் கொண்டுவந்தாள். "ராத்தா, நீங்க நோம்பு திறக்க எடுத்து வெச்ச நான். அவருக்குத் தெரியாம ஒளிச்சி வெச்ச."

அதை வேலியோரம் புதைத்தேன்.

மறுநாள் இரண்டு பேரும் சுகமாக இருந்தார்கள். மீராசா ஜும்ஆவுக்குப் போனான். உம்மு தலைக்கு எண்ணெய் வைத்துவிடச் சொன்னாள். வைத்துவிட்டேன். பின்னிவிட்டேன்.

சனிக்கிழமை வயிற்றோட்டமும் வாந்தியும் தொடங்கியது. ஞாயிறு மீராசா மௌத்தானான். உம்மு கண்ணெல்லாம் மஞ்சளாகி, செவ்வாய்க்கிழமை வரை ஆசுபத்திரிக் கட்டிலில் கிடந்தாள். அன்று காலையில் என்னைக் கிட்டக் கூப்பிட்டாள்.

"ராத்தா, அந்தக் கிண்ணத்தில வெச்சதத் திண்டீங்களா?"

"இல்ல."

"அல்ஹம்துலில்லாஹ்," என்றாள்.

அதன்பிறகு வாந்தியெடுத்தாள். தலையணை, கழுத்து, நான் பின்னிவிட்ட மயிர், எல்லாம். கையை நீட்டி என்னைத் தேடினாள். நான் மூக்கைப் பொத்திக்கொண்டு எழும்பினேன். வராந்தாவில் போய் நின்றேன். நேர்ஸ்தான் துடைத்துவிட்டாள். திரும்பி உள்ளே போனபோது எல்லாம் முடிந்திருந்தது.

நான்தான் செய்தேன். தெரிந்துதான் செய்தேன். ஆனால் அந்த அசிங்கத்திலிருந்து என் தங்கச்சியைக் காப்பாற்றத்தான் செய்தேன். அதையும் மறக்காமல் எழுதிக்கொள்ளுங்கள்.