அப்பாசாமியும் பின்னால் போகும் ஆறும்

மேடையில் வீற்றிருக்கும் பெரியோர்களே, காஜா பெராங்கிலிருந்தும் செமாபோக்கிலிருந்தும் வெயிலில் நடந்து வந்திருக்கும் அன்பர்களே, தாய்மார்களே, வணக்கம்!

நீர்மட்டம் அப்பாசாமி அவர்கள் மறைந்துவிட்டார்! இருபத்தாறு ஆண்டுகள், காலை ஆறுக்கும் மாலை ஆறுக்கும் பாலத்தடி அளவுக்கட்டையைக் குனிந்து பார்த்து நோட்டில் எழுதிய அந்த மனிதர் எங்கே? காய்ச்சல் என்றாலும் எழுதினார். கல்யாணத்தன்று மாலை மாப்பிள்ளையைக் காணோம் என்று ஊரே தேடியபோது, பட்டுவேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு பாலத்தடியில்தான் நின்றார்.

நமக்குப் பாடமும் சொன்னார். "நம்ம ஆறு மலையில பொறந்தது இல்லைங்க. செங் ஊருக்கு அந்தப் பக்கம் சதுப்புல ஊறி வருது. இறங்கச் சரிவே இல்ல. கடல் ஏறினா ஆறும் பின்னால ஏறும்." யார் கேட்டோம்? மன்றத் தலைவனாகிய நான் கேட்டேனா?

இரண்டு ஆண்டுகளுக்கு முன், மெர்டேக்கா சுதந்திர நாளில், வாழை கட்டிய படகில் நாதஸ்வரத்தோடு கடல்முகம்வரை ஊர்வலம் கிளம்பினோம். அப்பாசாமி கரையிலிருந்து கத்தினார்: "தலைவரே, ஆயர் பாசாங்! தண்ணி ஏறுது! ரெண்டு மணிக்கு மேல போங்க!" வாழ்த்துகிறார் என்று நினைத்து நான் கையசைத்தேன். நாடு முன்னேறியது, மன்றம் பின்னால் போய்ச் சேற்றில் சொருகிக்கொண்டது! இடுப்பளவு சேற்றில் இறங்கிக் கயிறு போட்டு இழுத்தவர் யார்? அவர்தான். ஒரு வார்த்தை குத்திக்காட்டவில்லை. அன்றைய நோட்டில் மட்டும், "ஏற்றம் ஆறடி. படகு ஒன்று, தலைவர் ஒருவர்" என்று இருக்கிறது.

அதற்குப் பிறகாவது நான் திருந்தினேனா? இல்லை! இன்று காலை அஸ்தி கரைக்க, ஐயரைப் பஞ்சாங்கம் பார்க்கச் சொல்லி ஒன்பது மணிக்கு நேரம் குறித்ததும் நான்தான். அஸ்திக் கலயத்தோடு படித்துறையில் நின்ற சந்திரமதி அம்மாள், கணவருக்குப் போட்ட மாலையிலிருந்து ஒரு பூவைக் கிள்ளித் தண்ணீரில் போட்டார். அது கடல் பக்கம் போகாமல் செங் பக்கம் கிளம்பியது.

"நேரம் நல்லாத்தான் இருக்கு ஐயரே. தண்ணிதான் ஏறுது. இவரச் சதுப்புக்கு அனுப்பிட்டு நான் எங்கன்னு போய்த் தேடுவேன்?" என்றார். கலயத்தை அவர் கொடுக்கவில்லை. இதோ, இன்னும் மடியில்தான் இருக்கிறது. அதனால்தான், தண்ணீர் இறங்கும்வரை என்று, சாயங்காலம் வைக்க இருந்த இரங்கல் கூட்டத்தை இப்போதே வைத்தோம்.

அப்பாசாமி முன்கூட்டியே கணக்கிட்டு நோட்டில் எழுதிவைத்த கடைசிப் பக்கத்தின்படி, இன்று பதினொன்றரைக்குத் தண்ணீர் கடல் பக்கம் திரும்ப வேண்டும். நம் மன்றத்துக் கடிகாரத்தில் பதினொன்று நாற்பது ஆகிறது. அளவுக்கட்டையருகே நிற்கும் நண்பர் சிஹாபுதீன் இன்னும் குரல் கொடுக்கவில்லை. அன்பர்களே, சொல்ல நெஞ்சு வலிக்கிறது. அவர் கணக்கு முதல் முறையாகத் தவறிவிட்டதா?

என்ன பாய் சொல்கிறார்? சத்தமாகச் சொல்லுங்கள் பாய்!

"திரும்பிருச்சு தலைவரே! கட்டையில இறங்குது! என் வாட்ச்ல மணி சரியா பதினொன்றரை!"

கேட்டீர்களா? தவறியது நம் மன்றத்துக் கடிகாரம்!

என் உரையில் இன்னும் நான்கு பக்கம் இருக்கிறது. மடித்துப் பையில் வைக்கிறேன். அவருடைய நோட்டை இந்த மன்றம் தொடர்ந்து எழுதும். நாளை காலை ஆறு மணிக்கு நானே குனிந்து கட்டை பார்ப்பேன். இது உறுதி!

எழுந்திருங்கள் அம்மா. அப்பாசாமி அவர்களே, இந்த ஒரு முறையாவது நீங்கள் சொன்ன நேரத்தில் கிளம்புகிறோம்.