பாலத்தடியில் நட்ட கிளை

காபிக்கு நன்றி. பிஸ்கட் ஒன்று கொடுத்ததும் டப்பாவை மூடிவிட்டீர்கள். எங்கள் வீட்டிலும் அதுதான் வழக்கம். என் மனைவி கேஸ்கே மட்டும், விருந்தாளிகள் பார்க்காதபோது எனக்கு இரண்டாவதை எடுத்துத் தருவாள்.

நான் நாவலாசிரியன், திரைக்கதையும் எழுதுகிறேன். என்னிடம் ஒரு குறை உண்டு. வாசகர்கள் அதை நேர்மை என்று நினைக்கிறார்கள். எனக்குக் கற்பனை வராது. முதல் நாவல், அப்பா படுக்கையில் கிடந்து இறந்த கதை, விருது வாங்கியது. இரண்டாவது, தம்பியை அவன் மனைவி விட்டுப்போன கதை. அதைப் படமாகவும் எடுத்தார்கள். தம்பி அதன்பின் என் வீட்டுக்கு வருவதில்லை. படம் நன்றாக ஓடியது.

மூன்றாவதற்கு என் கல்யாணத்தையே எடுத்துக்கொண்டேன். அங்கேதான் சிக்கல். கேஸ்கே நல்லவள். நல்ல மனைவியை வைத்துக்கொண்டு ஒரு படத்தை எப்படி முடிப்பது? தயாரிப்பாளர் மார்லைன் ஆம்ஸ்டர்டாமிலிருந்து ஃபோன் செய்து, இந்த மாதத்துக்குள் முடிவு வராவிட்டால் வேறு ஆளை வைத்து எழுதிக்கொள்கிறேன் என்றாள். என் கல்யாணத்தை இன்னொருவன் எழுதுவதாவது.

கேஸ்கேயிடம் சொன்னேன். பட்டாணி சூப்பைக் கிண்டிக்கொண்டே சிரித்தாள்.

“உனக்கு வீட்ல ஏதாச்சும் நடந்தாத்தானே எழுத வரும், ரெய்ன். நான் வேணா யார் கூடயாச்சும் ஓடிப்போகட்டுமா?”

“யார் கூட?”

“ரொட்டிக் கடைக்காரன் கூப்பிட்டா வருவான். ஆனா அவன் கூட விடியறதுக்கு முன்னால எந்திரிக்கணும். நமக்கு ஆகாதுப்பா.”

நல்ல வசனம். மனதில் வைத்துக்கொண்டேன்.

அந்த வாரம் கால்வாய் உறைந்தது. நீங்களும் ஃப்ரீஸ்லாந்துக்காரர்தான், உங்களுக்குத் தெரியாததில்லை. பாலத்தடியில் மட்டும் பனி மெலிசாக இருக்கும். அங்கே ஊரார் ஒரு மரக்கிளையை நட்டு வைப்பார்கள். சறுக்கிக்கொண்டு வருகிறவர்கள் கிளையைக் கண்டால் கரையேறி நடந்து போக வேண்டும். பனி கெட்டியானதும் அதை எடுத்துவிடுவார்கள், கிளை இல்லையென்றால் பனி தாங்கும். யாரும் சோதித்துப் பார்ப்பதில்லை. இங்கே பிறந்தவர்கள் கிளையை நம்புகிறார்கள். கேஸ்கே இங்கே பிறந்தவள்.

தன் தங்கை டிட்ஸ்கேயைப் பார்க்க அவள் பக்கத்து ஊருக்குக் கால்வாய்ப் பனிமேல் சறுக்கிக்கொண்டே போயிருந்தாள். திரும்பி வருவதற்குச் சற்று முன்னால் நான் கிளையைப் பிடுங்கிவிட்டுப் பாலத்தின் மேல் போய் நின்றேன். பார்க்காமல் எனக்கு எழுத வராது. ஒன்றைக் கவனியுங்கள், முடிவை நான் தீர்மானிக்கவில்லை. பனி தாங்கியிருந்தால் அதையே எழுதியிருப்பேன்.

தாங்கவில்லை. அவள் விளிம்பைப் பிடித்துக்கொண்டு நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். கத்தவில்லை.

“ரெய்ன், ஏணி எடுத்துட்டு வா” என்றாள். கொஞ்ச நேரம் கழித்து, “ஓடாத, வழுக்கும்” என்றாள்.

இரண்டையும் ஓர் எழுத்துகூட மாற்றாமல் படத்தில் வைத்திருக்கிறேன். என் வசனங்களிலேயே சிறந்தவை என்று பத்திரிகைகள் எழுதின.

விபத்து என்று அன்றைக்கு போலீஸ் தரப்பில் நீங்கள் வழக்கை முடித்துவிட்டீர்கள். படத்தின் முதல் காட்சிக்கு டிட்ஸ்கேயும் வந்திருந்தாள். திரையில் கணவன் கிளையைப் பிடுங்கினான். அரங்கமே, என்ன கற்பனை என்று மூச்சைப் பிடித்துக்கொண்டது. டிட்ஸ்கே மட்டும் என் பக்கம் திரும்பி, மெல்ல, “உனக்குத்தான் கற்பனையே வராதே” என்றாள். படம் முடிந்ததும் நேராக உங்களிடம் வந்திருக்கிறாள். என்னைச் சரியாகப் படித்தவள் அவள் ஒருத்திதான்.

ஆம், பிடுங்கியது நான்தான். ஏணி எடுக்கப் போகாதவனும் நான்தான். அவளைக் கொன்றேன் என்றே எழுதிக்கொள்ளுங்கள், கையெழுத்துப் போடுகிறேன். ஆனால் இதையும் சேர்த்து எழுதுங்கள். அவள் கை விளிம்பை விட்ட பிறகு நான் கீழே இறங்கிப்போய்க் கிளையைப் பழைய இடத்திலேயே நட்டேன். நீங்கள் வந்து பார்த்தபோது அது அங்கே இருந்தது அப்படித்தான். பள்ளி விட்டுப் பிள்ளைகள் சறுக்கிக்கொண்டு வரும் நேரம். யாரும் விழுந்துவிடக் கூடாதே. அந்தக் காட்சியையும் எழுதியிருந்தேன். நீளம் என்று இயக்குநர் வெட்டிவிட்டார். அதனால்தான் படம் பார்க்கிறவர்களுக்கு அந்தக் கணவன் மனசாட்சி இல்லாதவனாகத் தெரிகிறான்.