மூத்தவர் கை எடுக்கும்வரை

அன்று மதியம் அமீரகத்தில், அல் ஐன் வீட்டில், எல்லோரும் சேர்ந்து உண்ணும் சஹன் தட்டைச் சுற்றி நால்வர் இருந்தோம். ஜெய்னுலாப்தீனாகிய நான், என் தம்பி சாதிக் பாட்ஷா, என் மகள் சப்ரீனாவைத் தன் மகனுக்குப் பெண் கேட்டு வந்திருந்த கலீல் ரஹ்மான், அவருடைய மைத்துனர் முகம்மது ரிபாய். திரைக்கு அப்பால் என் மனைவி பத்ருன்னிசாவும் மகளும் இருந்தார்கள். நெய்ச்சோறு நன்றாக வந்திருந்தது.

காயல்பட்டினத்தில் எங்களுடையது தலைமுறைகளாக மதிக்கப்பட்ட குடும்பம். சாதிக், பழைய கார் வாங்கி அனுப்புவதற்காக யோகோஹாமா போனவன். அவனுடைய உயரத்தையும் தாடியையும் பார்த்து யாரோ ஜப்பானிய சினிமாவில் சேர்த்துவிட்டார்கள். ரவுடிப் படங்களில் வெளிநாட்டுக் கடத்தல்காரன். ராட்சத மிருகப் படங்களில் முதலில் மிதிபடுகிறவன். பேய்ப் படங்களில் பூட்டிய அறையைத் திறந்து பார்க்கிறவன். பாத்திரத்துக்குப் பெயர்கூட இருக்காது. இருபது வருடத்துக்கு மேலாக, படத்துக்குப் படம் சாவான். கேட்பவர்களிடம் நான் கார் வியாபாரம் என்றே சொல்லிவந்தேன். கல்யாணம் முடியும்வரை அவனும் அப்படியே சொல்வதாக ஒப்புக்கொண்டிருந்தான்.

ரிபாய்தான் அடையாளம் கண்டார். "மச்சான், இவரைத் தெரியலையா? ராட்சத நண்டு தூக்கிப் போடுமே, அந்த ஆளு."

கலீல் ரஹ்மானின் முகம் மலர்ந்தது. "அட, நம்ம சம்மந்தி வீட்ல ஒரு ஸ்டாரா? இத்தனை நாளா ஒளிச்சு வச்சுட்டீங்களே காக்கா" என்றார் என்னிடம். எங்கள் பக்கத்தில் அண்ணனைக் காக்கா என்றுதான் அழைப்போம்.

"ஸ்டாரெல்லாம் இல்ல. பாப்கார்ன் தீர்றதுக்குள்ள செத்துடுவேன்" என்றான் சாதிக்.

"நிக்காஹ் அன்னைக்கு ஸ்கிரீன் கட்டுவோம். நீங்க சாகுறதை மட்டும் வரிசையாப் போடுவோம்" என்றார் கலீல் ரஹ்மான்.

"போடுங்க, நானே தர்றேன்."

திரைக்கு அப்பால் என் மகளும் சிரித்தாள். சாதிக் என்னைப் பார்க்கவில்லை.

சிரித்தபடியே ஒரு கறித்துண்டை வாயில் போட்டவன், சட்டென்று தொண்டையைப் பிடித்தான். சத்தம் எதுவும் வரவில்லை. கண்கள் என் பக்கம் திரும்பின.

"பாருங்க, ஆரம்பிச்சுட்டாரு" என்று கலீல் ரஹ்மான் தொடையைத் தட்டிச் சிரித்தார். தம்பியின் உதடு நீலமானதும் ரிபாய் சிரிப்பை நிறுத்தினார். "காக்கா, இது நெசமா?" என்று பாதி எழுந்தார்.

எங்கள் குடும்பத்தில் ஒரு வழக்கம் உண்டு. மூத்தவர் கை எடுக்கும்வரை சஹனிலிருந்து யாரும் எழுவதில்லை. நான் கை எடுக்கவில்லை.

"உக்காருங்க. அவன் தொழிலே இதுதானே" என்றேன்.

உட்கார்ந்துவிட்டார். மரியாதை தெரிந்தவர்கள். சாதிக் என் முழங்காலைப் பற்றிக்கொண்டான். என் பக்கத்துச் சோற்றை நான் சாப்பிட்டு முடித்தேன். அதற்குள் அவன் பிடி தளர்ந்துவிட்டது. பிறகு பத்ருன்னிசாவைக் கூப்பிட்டேன்.

சம்பந்தம் முறியவில்லை. மய்யித்து அடக்கத்துக்கு வந்தவர்களிடம் கார் வியாபாரி என்றே சொன்னேன், யாரும் மறுக்கவில்லை. குடும்பத்தின் பெயரை யாராவது ஒருவர் காப்பாற்றத்தான் வேண்டும்.

ஒன்றை மட்டும் திருத்த வேண்டும். அந்தப் படங்களைப் பார்த்தறியாத மனிதர், பாவம், நடிப்பு என்று நம்பி ஏமாந்துவிட்டார் என்று என்னைப் பற்றி இங்கே கடைகளில் பேசிக்கொள்கிறார்களாம். அது தவறு. அவன் நடித்த படம் ஒன்றையும் நான் விட்டதில்லை. எதிலும் அவன் சத்தமில்லாமல் செத்ததில்லை.