அண்ணை வேலை செய்த வால்வு

கஸ்பர்: கதையாதை பிள்ளை. ஒரு நிமிசம்... சத்தம் போடாமல் இரு.

மெற்றில்டா: என்ன அண்ணை இது? அமெரிக்காவிலை ஒகையோவிலை இருந்து சொல்லாமல் கொள்ளாமல் என்ர வீட்டுக்கு வந்து இறங்கிப்போட்டு, தங்கச்சியின்ர நெஞ்சுக்குக் காது குடுத்துக்கொண்டு நிக்கிறியள்?

கஸ்பர்: டிக் எண்டு கேக்குது.

மெற்றில்டா: இருபத்தொரு வரியமாக் கேக்குது. பஸ்ஸிலை பக்கத்திலை இருக்கிறவை தங்கட மணிக்கூட்டைப் பாக்கிறவை!

கஸ்பர்: பகிடி விடாதை. படி ஏறேக்கை மூச்சு வாங்குதோ?

மெற்றில்டா: முதல்ல இருங்கோ. இந்தாங்கோ தேத்தண்ணி... ஏன் குடிக்காமல் வைச்சுக்கொண்டு இருக்கிறியள்?

கஸ்பர்: பிளேன் களைப்பு.

மெற்றில்டா: பொய்.

கஸ்பர்: உன்ர நெஞ்சுக்குள்ளை வைச்ச அந்த வால்வைப் பற்றித்தான்... அதுக்குத்தான் வந்தனான்.

மெற்றில்டா: அதுக்கென்ன? எண்பத்திமூண்டிலை டொக்டர் ரண்டு மூண்டு வகை காட்டினவர். “என்ர அண்ணை வேலை செய்யிற கொம்பனியின்ரையைப் போடுங்கோ” எண்டு நான்தான் கேட்டனான். வாட்டிலை நேர்ஸ்மாருக்கெல்லாம் பெருமை அடிச்சனான்.

கஸ்பர்: ஐயோ... அதைச் சொல்லாதை.

மெற்றில்டா: ஏன்? கட்டுபெத்தைக் கம்பசிலை படிச்சு, ஸ்கொலசிப்பிலை அமெரிக்கா போய், உருக்கு ஆலையிலை வேர்க்க வேர்க்க நிண்ட ஆள். பிளேன் இஞ்சினின்ர தகடு ஏன் வெடிக்குது எண்டு கண்டுபிடிச்ச ஆள்...

கஸ்பர்: அந்தப் பேருக்குத்தான் வால்வுக் கொம்பனி என்னைக் கூப்பிட்டது. உலோகச் சோதனை முழுக்க என்ர பொறுப்பு. கேள்... வால்வுக்குள்ளை வட்டமா ஒரு சின்னத் தட்டு. அதைப் பிடிச்சு நிக்கிறது மெல்லிய கம்பி. அந்தக் கம்பியை ஒட்டின இடத்திலை...

மெற்றில்டா: வேண்டாம் அண்ணை.

கஸ்பர்: வெடிப்பு இருந்தது. மைக்கிறஸ்கோப்பிலை நானே கண்டனான். மனேஜர், “தேய்ச்சு மினுக்கிப்போட்டு அனுப்பு” எண்டான்.

மெற்றில்டா: தேத்தண்ணி ஆறுது.

கஸ்பர்: நான் மறிச்சிருக்கலாம். வேலை போயிடும் எண்டு பயம். அமெரிக்கச் சிற்றிசனும் அப்ப கிடைக்கேல்லை... கையெழுத்து வைச்சுக் குடுத்திட்டன். பேந்து கம்பி முறிஞ்சு ஆக்கள் செத்தவை. நடந்து போகேக்கை... சாப்பிட்டுக்கொண்டு இருக்கேக்கை...

மெற்றில்டா: பொறுங்கோ, யன்னலைத் திறந்து விடுறன்.

கஸ்பர்: எந்த வால்வு எண்டு, ஒப்பரேசன் முடிஞ்ச பிறகுதான் நீ போனிலை சொன்னனி. அண்டையிலை இருந்து வீட்டிலை போன் அடிச்சாலே எனக்கு எடுக்கப் பயம்.

மெற்றில்டா: ஞாயிறுக்கு ஞாயிறு எடுத்து “மூச்சு எப்பிடி” எண்டு கேட்டது... அதுக்கோ?

கஸ்பர்: ஓம்.

மெற்றில்டா: நான் பாசம் எண்டு நினைச்சனான்.

கஸ்பர்: பாசமும்தான்... பயமும்தான். போன கிழமை இன்னொண்டு முறிஞ்சது. உன்ர வால்வு செய்த அதே மாசத்திலை செய்தது. கழட்டி வேறை போடவேணும், பிள்ளை. இந்த வயசிலை அந்த ஒப்பரேசனும் லேசில்லை. தெரியும். ஆனால் இனி விட ஏலாது. நாளைக்கே ஆஸ்பத்திரிக்குப் போவம். இவ்வளவு காலம் உன்னட்டை மறைச்ச என்னை நீ என்ன செய்தாலும்...

மெற்றில்டா: மாசியிலை ஒரு லோயரிட்டை இருந்து கடிதம் வந்தது, அண்ணை. வால்வு போட்ட ஆக்கள் எல்லாரும் சேந்து வழக்குப் போடினம், நீங்களும் வாங்கோ எண்டு. கொம்பனிப் பேப்பர்களின்ர பிரதியும் வைச்சிருந்தவை. அடியிலை உங்கட கையெழுத்து. எத்தினை நாள் அழுதன் எண்டு எனக்கே தெரியாது. பேந்து, நான் வழக்குக்கு வரேல்லை எண்டு எழுதிப்போட்டு, ஆஸ்பத்திரிக்குப் போய் நாள் எடுத்தனான். வாற செவ்வாய் ஒப்பரேசன். முடிஞ்சு கண் முழிச்சால் உங்களுக்குச் சொல்லுவம்... முழிக்காட்டில் நெஞ்சு வருத்தத்திலை போனவள் எண்டு நினைச்சுக்கொண்டு இருங்கோ எண்டு விட்டனான். கோவம் இன்னும் போகேல்லை. ஆனால் செவ்வாய் வரைக்கும் நில்லுங்கோ. இவரும் இப்ப உயிரோடை இல்லை... எனக்குத் தனியப் பயமாக் கிடக்கு.