பின்வாசல் வழியே வந்த வெற்றி

இந்த மாலைக்குத் தலைமை தாங்கும் சங்கத் தலைவர் ஆம்ப்ரோஸ் கிரிம்ஷா அவர்களே, தறிச் சத்தத்துக்குக் காதைக் கொடுத்துவிட்டு, என் சத்தத்துக்காக முன்வரிசையில் முந்தி அமர்ந்திருக்கும் பெரியோர்களே, தேநீர்க் கெண்டியும் கையுமாக நின்றபடியே கேட்கும் தாய்மார்களே, ஹார்ல்டன் நகரின் நல்லோர்களே, அனைவருக்கும் வணக்கம்.

முப்பத்தெட்டு ஆண்டுகள் உங்கள் ஊர்ப் பத்திரிகையில் நிருபராக இருந்தேன். எழுதியதில் பிழை இருந்தால் அடுத்த இதழிலேயே திருத்தம் போட்டுவிடுவேன். ஒரே ஒரு திருத்தம் பாக்கி. இந்த மன்றத்துக்கு வினிஃப்ரெட் ஓர்மெராடின் பெயரைச் சூட்டும் இன்று, அதையும் போட்டுவிடுகிறேன்.

1974. நம் பஞ்சாலைத் தறியில் நின்ற வினிஃப்ரெடை லண்டன் தொலைக்காட்சிக்காரர்கள் தேடிப் பிடித்தார்கள். நம்மைப் போன்ற தொழிலாளிக் குடும்பம் ஒன்றைப் பற்றி ஆறு வாரம் ஓடும் சிரிப்புத் தொடர். அதில் இவர்தான் அம்மா. முதல் வியாழக்கிழமை இதே மன்றத்தில் இருநூறு பேர் ஒரே பெட்டியின் முன் கூடினோம்.

கதையில் பக்கத்து வீட்டுக்காரி சர்க்கரை கேட்டு வருகிறாள். எப்படி வருகிறாள்? முன்வாசல் மணியை அடித்துக்கொண்டு வருகிறாள்! பெட்டிக்குள் சிரிப்பு. இங்கே ஊசி விழுந்தால் கேட்கும் அமைதி. பின்வரிசையில் ஒரு குரல் மட்டும்: "யாருப்பா செத்தது?"

சிரிக்கிறீர்கள். அன்று ஒருவரும் சிரிக்கவில்லை. ஆம்ப்ரோஸ், தலையைக் குனிய வேண்டாம், அந்தக் குரல் உங்களுடையதுதான்.

லண்டன் பத்திரிகைகள் சலிப்பு என்றன. நானோ தொடரே பொய் என்று எழுதினேன். ஐந்து வாரமும் அந்த மணி அடித்தது. வினிஃப்ரெட் தெருவில் நடந்தால் முதுகுக்குப் பின்னால் 'டிங் டாங்' என்றார்கள். அதைத் தாங்கினார். தாங்க முடியாதது ஒன்று உண்டு. பதினெட்டு ஆண்டுகளாகத் தினமும் அவருடைய பின்கதவைத் திறந்து வந்த அடுத்த வீட்டு ஹில்டா பிரேஸ்வெல் வருவதை நிறுத்திவிட்டார். தெருவையே கோமாளியாக்கியவள் வீட்டில் தனக்கென்ன வேலை என்று கேட்டாராம்.

கடைசிப் பகுதியின் படப்பிடிப்பு. குறிப்பேட்டோடு நானும் இருந்தேன். பக்கத்து வீட்டுக்காரி பின்வாசலில் வரட்டும் என்றார் வினிஃப்ரெட். படப்பிடிப்புக்குப் போட்ட வீட்டில் பின்வாசல் இருந்தது, பலகையில் வரைந்த கதவு!

"யாரும்மா இதையெல்லாம் கவனிக்கப் போறாங்க?" என்றார் இயக்குநர்.

"எங்க தெருவே கவனிக்கும் சார். முன்வாசல் மணி அடிச்சா எங்க ஊர்ல ஒண்ணு பாதிரியாரு, இல்லன்னா போலீஸு, இல்லன்னா சவப்பெட்டி. சர்க்கரைக்கு எவளும் மணி அடிக்கமாட்டா. அந்தக் கதவை அறுத்துத் திறங்க. இல்லன்னா நான் தறிக்குப் போறேன்."

தச்சர்கள் ரம்பத்தை எடுத்தார்கள். நாற்பது நிமிடம் அறுத்தார்கள். அவர்கள் அறுத்தது வெறும் பலகையையா? நம்மைப் பாராமலே நம்மைப் பற்றி எழுதிய பேனாக்களின் பொய்யை அல்லவா அறுத்தார்கள்!

கதவு திறந்தது. பக்கத்து வீட்டுக்காரி தட்டவில்லை, மணி அடிக்கவில்லை. "நான்தான்" என்றபடி உள்ளே வந்தாள். வினிஃப்ரெட் திரும்பிக்கூடப் பார்க்காமல், "கெண்டியில டீ இருக்கு" என்றார். அவ்வளவுதான். அந்த வியாழக்கிழமை இந்த மன்றம் சிரித்த சிரிப்பில் சன்னல் கண்ணாடிகள் அதிர்ந்தன.

இனி வேண்டாமென்று லண்டன்காரர்கள் கைவிட, தொடர் அதோடு நின்றது. மறுநாள் காலை ஏழு பத்துக்கு, தோல்வியைப் பற்றிக் கருத்துக் கேட்க வினிஃப்ரெடின் சமையலறையில் உட்கார்ந்திருந்தேன். பின்கதவு திறந்தது.

"நான்தான் வின்னி."

ஹில்டா. வினிஃப்ரெட் திரும்பவில்லை, கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார். "கெண்டியில டீ இருக்கு" என்று மட்டும் சொன்னார்.

அதை நான் எழுதவில்லை. 'தொடர் தோற்றது' என்று தலைப்புப் போட்டேன்.

இன்று முன்வாசலில் கம்பளம் விரித்தோம். வினிஃப்ரெட் எங்கே? அதோ, சமையலறை வழியாக வந்து ஹில்டா பக்கத்தில் உட்கார்ந்து அரைமணி நேரமாகிறது. செயலாளர் இன்னும் வெளியே பூச்செண்டோடு நிற்கிறார். யாராவது அவரை உள்ளே கூப்பிடுங்கள்.

திருத்தம்: இருபத்தைந்து ஆண்டுகளுக்கு முன் வெளியான என் செய்தியில் 'தோற்றது' என்றிருப்பதை 'வென்றது' என்று வாசிக்கவும்.

பொறுமையோடு கேட்டவர்களுக்கு நன்றி. கெண்டியில் தேநீர் இருக்கிறது. வணக்கம்.