இலை எடை போட்ட உளவாளி

மஞ்சூர் பஸ்ஸில் முன்சீட்டுக்காரர் பக்கத்திலிருந்தவரிடம் சொன்னார்: "என் ஊட்டுக்காரி இன்னும் என்னை உளவாளின்னுதானுங்க நம்பறா."

ஒட்டுக்கேட்பதில் பயிற்சியில்லாத நான் அப்பட்டமாகவே முன்னால் சாய்ந்தேன்.

"ஏனுங்க, நீங்க தேயிலை எஸ்டேட்ல இலை எடை போடறவரு!"

"அது வெறும் வேசம்னு கல்யாணத்தப்ப அளந்துட்டனுங்க. வெளிய சொல்லக்கூடாதுன்னு சத்தியமும் வாங்கிட்டேன்."

"செரி, இப்ப என்ன?"

"மாமனார் சாகறப்ப, 'மாப்ளைக்கு நெசமா என்ன வேலை, கண்ணு?'ன்னாரு. இவ, 'இலை எடை போடறாருப்பா'ன்னுட்டா. சாகப்போற அப்பன்கிட்டப் பொய் சொல்லிட்டேன்னு மூணு வருசமா அழுகறா."

"அது பொய்யில்லைன்னு சொல்லிப்போடுங்க. அழுகை நின்னுரும்."



"நின்னுருமுங்க. அப்புறம் கண்ணைத் தொடச்சுட்டு என்னைப் பாப்பாளே."